நேர்மை: இல்லை

அம்மா பெயருக்கு வரும் பழுப்பு உறையை, அது வந்த அன்றே நான் பிரிப்பதில்லை. ஃபிரிட்ஜின் மேல் வைத்துவிட்டு ஷிப்டுக்குப் போய்விடுவேன். மறுநாள்தான் பிரிப்பேன். அம்மா மூன்று நாள் வைத்திருப்பாள்.

அவள் பெயர் காஞ்சனா. நில அளவைத் துறையில் வரைவாளர். வயலில் இறங்கி அளப்பவர் நில அளவர். அவர் எழுதிவரும் அளவுகளை மேசையில் வைத்துப் புலப்படமாகக் கோடு போடுபவர் வரைவாளர். ஒரகடம் சாலையில் இன்று கம்பெனிச் சுவர்கள் நிற்கும் பல இடங்களில், அதற்கு முன்பு இருந்த வரப்புகளை அவள் கையால் வரைந்திருக்கிறாள். நான் அங்கே பிரேக் உதிரிபாகம் செய்யும் ஒரு தொழிற்சாலையில் தரக்கட்டுப்பாட்டுப் பொறியாளர். "உங்க கேன்டீன் கீதே, அது ஒரு கத்திரிக்கா தோட்டம்" என்பாள். புல எண்ணையும் சொல்வாள்.

தவறு எப்படி நடந்தது என்று கண்டுபிடிப்பது என் வேலை. யார் செய்தது என்று கேட்காதே, எப்படி நடந்தது என்று கேள் என்பது எங்கள் தொழிலின் முதல் பாடம். அம்மாவின் விஷயத்தில் நான் முதலில் யார் என்றுதான் கேட்டேன். அதில் நான்கு மாதம் போனது.

அவள் பயந்தவள். எதைப் பற்றிப் பயம் என்று அப்போது எனக்குத் தெரியாது. ஆபீஸ் பற்றி ஒரு வார்த்தை பேசுவதென்றாலும் சேரப்பணஞ்சேரி வீட்டின் முன்கதவைச் சாத்திவிட்டுத்தான் பேசுவாள். அப்பா நான் ஏழாவது படிக்கும்போதே இறந்துவிட்டார். வீட்டில் நாங்கள் இருவர்தான். யாருக்குக் கேட்கப்போகிறது? ஆனாலும் சாத்துவாள்.

2010இல் ஒருநாள் லட்டுப் பெட்டியோடு வந்தாள்.

"செந்தமிழனுக்குப் பிரமோஷன். முதுநிலை வரைவாளர்."

செந்தமிழன் அவளுக்கு அடுத்த எண். துறையின் பணிமூப்புப் பட்டியலில் அவள் 41, அவர் 42.

"உனக்கு?"

"பிரமோஷன் பேனல்ல பேர் வுட்டுப்போச்சாம்."

"ஏன்னு கேட்டியா?"

"கேட்டா ஃபைலை எடுப்பாங்க."

ஃபைலை எடுத்தால் நல்லதுதானே என்று நினைத்தேன். எனக்குப் பதினேழு வயது. அவள் முன்கதவைப் பார்த்துக்கொண்டே லட்டை இரண்டாகப் பிட்டு எனக்குக் கொடுத்தாள்.

அடுத்த நான்கு ஆண்டுகளும் பேனலில் அவள் பெயர் இல்லை. 2015இல் வந்தது. அதற்குள் பின்னால் இருந்தவர்கள் எல்லாம் முன்னால் போயிருந்தார்கள். புதிய பட்டியலில் அவள் எண் 88. அதற்கு மேல் ஒரு படி உண்டு. அந்த எண்ணிலிருந்து அதை எட்ட முடியாது. அவளை அக்கா என்று கூப்பிட்டுக் கோடு போடக் கற்றுக்கொண்டவர்களின் மேசைக்கு அவள் தாளை எடுத்துப் போய்க் கையெழுத்து வாங்கினாள். அதைப் பற்றி வீட்டில் புலம்பியதில்லை.

ஓய்வு 2024 மே 31. அந்த ஆண்டு ஜனவரியில் நான் அவளை உட்காரவைத்துக் கேட்டேன்.

"நாப்பத்தொண்ணு எப்படிம்மா எம்பத்தெட்டாச்சு? ஒரு காரணம் எழுதியிருப்பாங்க இல்ல? மேலதிகாரி வருஷா வருஷம் எழுதுற மந்தண அறிக்கை காப்பி கேக்கலாம். உன் அறிக்கைய நீயே கேக்கலாம். தகவல் சட்டம் கீது."

"இன்னாத்துக்கு இப்போ? நாலு மாசம் கீது. சும்மா போய்கினு இருக்கிறதைக் கெடுக்காத."

"கெடுத்தா இன்னா பண்ணுவாங்க?"

அவள் கதவைச் சாத்திவிட்டு வந்தாள். வேறொரு ஆபீஸில் ஒருவருக்கு நடந்ததைச் சொன்னாள். ஓய்வு நாள். மாலை வாங்கி வைத்திருந்தார்கள். வேன் பேசியாகிவிட்டது. மாலை ஐந்து மணிக்கு உறை வந்தது. ஓய்வுபெற அனுமதி இல்லை, தற்காலிகப் பணிநீக்கம், விசாரணை நிலுவை. "மாலைய இன்னா பண்றதுனு தெரியாம ஆபீஸ் சாமி படத்துக்குப் போட்டாங்கடி."

"நீ இன்னா தப்பு பண்ணே, உனக்கு வர்றதுக்கு?"

அவள் எழுந்து அடுக்களைக்குப் போய்விட்டாள். இரண்டு வாரம் கழித்து ஒரு காலையில், நான் ஷூ மாட்டிக்கொண்டிருந்தபோது, "எங்க கையெழுத்து போடணும்?" என்று கேட்டாள். எது அவள் மனதை மாற்றியது என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

மார்ச்சில் உறை வந்தது. ஃபிரிட்ஜின் மேல் மூன்று நாள் இருந்தது. நான்காம் நாள் அவளே பிரித்தாள். ஐந்து ஆண்டு அறிக்கைகளின் நகல். நான்கில் குறை ஒன்றும் இல்லை. வேலைத்திறன் நன்று, வருகை ஒழுங்கு, கோடு துல்லியம். 2008-09ஆம் ஆண்டு அறிக்கையிலும் அப்படித்தான். ஒன்பதாவது கட்டம் மட்டும் வேறு.

நேர்மை: இல்லை.

கீழே கையெழுத்து, ஏகாம்பரநாதன், ஆய்வாளர். அப்போது தொழிற்பூங்காவுக்கு நிலம் எடுக்கத் திறந்திருந்த தனி அலகில் அவளுக்கு மேலதிகாரி.

அந்தக் கட்டத்தை இரண்டாம் முறை படித்தேன். பதினைந்து வருடமாக அந்தச் சொல் ஓர் அலமாரியில் அவள் பெயரோடு இருந்திருக்கிறது. எதிரான குறிப்பு எழுதினால் சம்பந்தப்பட்டவருக்கு எழுத்தில் தெரிவித்துக் கையெழுத்து வாங்க வேண்டும். அது விதி. அவளுக்கு யாரும் தெரிவிக்கவில்லை.

"இது பொய்னு எழுதிக் குடுக்கலாம்மா. மேல்முறையீடு போடலாம்."

"பொய்னு என்னால சொல்ல முடியாதுடி."

பிறகுதான் சொன்னாள். 2008 மழைக்காலம். பிள்ளைப்பாக்கம் பக்கம் ஒரு புலம். எடுக்கப்போகும் நிலத்துக்கும் விடப்போகும் நிலத்துக்கும் நடுவே ஓர் உட்பிரிவுக் கோடு. கோட்டை ஒட்டி ஒரு கிணறு. ஏகாம்பரநாதன் மாலையில் அவள் மேசைக்கு வந்து, கோட்டை இரண்டு மீட்டர் கிழக்கே தள்ளிப் போடச் சொன்னார். அளவுப் புத்தகத்தில் அப்படி இல்லை. எழுத்தில் உத்தரவும் இல்லை. "சும்மா போடுங்க மேடம்" என்றார். அவள் பென்சிலில் போட்டாள். மறுநாள் காலை எல்லோருக்கும் முன்னால் போய் அழித்துவிட்டு, அளவுப்படி எங்கே இருக்க வேண்டுமோ அங்கே மையில் போட்டாள். அவர் ஒன்றும் கேட்கவில்லை. கையெழுத்துப் போட்டு மேலே அனுப்பிவிட்டார்.

"அழிச்சிட்டே இல்ல? அப்புறம் இன்னா?"

"அழிச்ச எடம் தெரியும்டி. வெளிச்சத்துல புடிச்சா மினுக்கும். அந்த ஷீட்டு ரெக்கார்டு ரூம்ல கீது. விசாரணைனு வந்தா அதை எடுப்பாங்க. எதுக்கு அழிச்சே, யார் சொல்லிப் போட்டே, எவ்ளோ வாங்கினேனு கேப்பாங்க."

"நீ வாங்கலியே."

"போட்டேன் இல்ல?"

மே முப்பத்தொன்று தாண்டும்வரை எதையும் தொடுவதில்லை என்று எனக்குச் சத்தியம் வாங்கினாள்.

ஏப்ரலில், ஓய்வுக்கு ஆறு வாரம் இருக்கும்போது, ஆபீஸுக்குப் போகும் வழியில் ஷேர் ஆட்டோவில் சாய்ந்துவிட்டாள். பக்கத்தில் இருந்த பெண் தூக்கம் என்று நினைத்திருக்கிறாள். படப்பை வந்ததும் எழுப்பியிருக்கிறாள். இதய நிறுத்தம் என்று எழுதிக்கொடுத்தார்கள். எனக்கு போன் வந்தபோது நான் ஒரு பிரேக் தகட்டின் தடிமனை அளந்துகொண்டிருந்தேன். 12.04 மில்லிமீட்டர். இன்னும் ஞாபகம் இருக்கிறது.

அவள் கைப்பையைப் பத்து நாள் கழித்துத் திறந்தேன். டிபன் துணிக்கு அடியில் அந்த அறிக்கையின் நகல், நான்காக மடித்து. ஒன்பதாவது கட்டத்தில், இல்லை என்ற சொல்லின் மேல், பென்சிலால் ஒரு கோடு போட்டு அழித்திருந்தாள். ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். அந்த இடம் மட்டும் மினுங்கியது. அவள் சொன்னது சரிதான். தெரிகிறது.

மேல்முறையீட்டுக்குக் காலக்கெடு உண்டு. வாரிசு என்ற முறையில் நான் போடலாம். அந்தச் சொல்லை அடித்து, அவளை மறுபடி 41ஆம் எண்ணில் உட்காரவைக்க வேண்டும் என்பது தவிர எனக்கு வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை. போட்டால் விசாரணை. விசாரணையில் அந்த ஷீட். உயிரோடு இருந்தவரை ஒரு சொல்லைச் சுமந்தவளுக்கு எதிராக, செத்த பிறகு நானே ஒரு சாட்சியத்தைத் தேடிக் கொடுத்தவளாவேன். மனுவை எழுதுவேன், கிழிப்பேன். ஏகாம்பரநாதன் ஏன் அப்படி எழுதினார் என்று யோசித்துக்கொண்டே இருப்பேன். கோட்டை அழித்தது அவருக்குத் தெரிந்துவிட்டதா? பழி வாங்கினாரா? அல்லது கோடு போட்டவள் என்று அவரே எழுதிவைத்தாரா? போனில் தெரியாத எண் வந்தால் எடுக்கமாட்டேன்.

எங்கள் மாடி அறையில் மூன்று பெண்கள் வாடகைக்கு இருக்கிறார்கள். மூவரும் தூத்துக்குடிப் பக்கம். அதில் செல்லக்கனி மொபைல் போன் கம்பெனியில் லைனில் நிற்கிறவள். ஒரு ஞாயிற்றுக்கிழமை கீழே இறங்கி வந்தாள்.

"யக்கா, மோட்டார் போடுதியளா? மேல சொட்டுத் தண்ணி இல்ல."

மோட்டாரைப் போட்டுவிட்டு வந்தபோது அவள் மேசைமேல் விரித்திருந்த நகலைப் படித்துக்கொண்டிருந்தாள்.

"என்னக்கா இது, நேர்மை இல்லன்னு போட்டிருக்கு? எங்க மானேஜருக்கு எழுதுன தாளு இங்க வந்துட்டா?" என்று சிரித்தாள். பிறகு பெயரைப் பார்த்தாள். சிரிப்பு நின்றது. "அம்மாவுக்கா?"

ஆமாம் என்றேன். அவள் போகவில்லை. நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாள்.

"எங்க லைன்ல ஒருக்கா இப்படித்தாங்கா ஆச்சு. செக் ஷீட்டு புதுசா அடிச்சாவ. பழசுல மூணாவது கட்டம் 'கீறல் உண்டா'ன்னு இருக்கும். இல்லன்னு எழுதிக்கிட்டே போவோம். புதுசுல அதே கட்டத்துல 'ஸ்க்ரூ உண்டா'ன்னு இருந்திருக்கு. எவ பாத்தா? கை அதுபாட்டுக்கு இல்ல, இல்லன்னு எழுதிட்டு. ஒரு ஷிப்டு மாலு பூரா நிறுத்திட்டாவ. சூப்பர்வைசரு என்னைய மட்டும் புடிச்சு ஏசுதாரு. கடைசில பாத்தா அத்தனை பேர் ஷீட்டும் அப்படித்தான்."

நான் நகலைக் கையில் எடுத்தேன்.

"அம்மாவுக்கு மட்டுமா இப்படி எழுதியிருக்கு? லாட்டு பூரா பாத்தியளாக்கா?"

எட்டு வருடம் தரக்கட்டுப்பாட்டில் இருக்கிறேன். ஒரு துண்டு கெட்டிருந்தால் லாட், அதாவது அதனோடு செய்த தொகுதி, முழுவதையும் பார் என்று பிறருக்கு வகுப்பெடுக்கிறேன். நான் பார்க்கவில்லை. நகலின் அடியில் இருந்ததைக்கூட அன்றுதான் படித்தேன். எறும்பு எழுத்தில் ஒரு வரி: திருத்திய படிவம், 2008.

வெற்றுப் படிவங்கள் கேட்டு மனுப் போட்டேன். பழையது ஒன்று, திருத்தியது ஒன்று. வெற்றுப் படிவத்தை யாரும் மறைக்கமாட்டார்கள். ஒரு மாதத்தில் வந்தது. ஃபிரிட்ஜ் மேல் ஒரு நாள் வைத்துப் பிரித்தேன். பழைய படிவம் ஆங்கிலம். அதில் ஒன்பதாவது கேள்வி, நேர்மைக்கு எதிராக ஏதேனும் கவனத்துக்கு வந்ததா என்பது. திருத்திய படிவம் தமிழ். அதில் ஒன்பதாவது கட்டம் வெறும் 'நேர்மை'. எதிரான குறிப்பு பத்தாவது கட்டத்துக்குத் தள்ளிப்போயிருந்தது. அம்மாவின் அறிக்கையில் ஏகாம்பரநாதன் அந்த இரண்டு கட்டங்களிலும் இல்லை என்று எழுதியிருந்தார். வருடக்கணக்காக எழுதிய சொல்லைத் தமிழில் மாற்றி, அதே எண்ணில் எழுதியிருக்கிறார்.

அலகில் வேலை செய்த மற்றவர்களின் அறிக்கையை எனக்குக் காட்டமாட்டார்கள். ஆனால் அப்போது அங்கே இளநிலை உதவியாளராக இருந்த எழிலரசி இப்போது மாவட்ட அலுவலகத்தில் கண்காணிப்பாளர். அம்மாவின் சாவுக்கு வந்திருந்தார். போய்ப் பார்த்தேன். படிவங்களை நீட்டினேன். பார்த்ததும் மின்விசிறியை நிறுத்தினார். தாள் பறக்கக் கூடாதென்று அல்ல. அவர் கையில் கனமான பேப்பர்வெயிட் இருந்தது; தணிந்த குரலில் பேசுவது எனக்குக் கேட்க வேண்டும் என்றுதான்.

"எட்டுப் பேருக்கும் அப்படித்தாம்மா எழுதினாரு. தலைமை ஆபீஸ்ல பாத்துட்டு, இன்னாய்யா உன் யூனிட்ல ஒருத்தனுக்கும் நேர்மை இல்லியானு கேட்டுத் திருப்பி அனுப்பிட்டாங்க. சிரிப்பா சிரிச்சாங்க. சார் எல்லாரையும் கூப்ட்டு, அவங்க முன்னாடியே அடிச்சுத் திருத்தி, சாரும் அவங்கவங்களும் கையெழுத்து போட்டாங்க. ஏழு பேரும் போட்டாங்க."

"அம்மா?"

"உங்கம்மா லீவு." பேப்பர்வெயிட்டைக் கீழே வைத்தார். "நான்தான் அவங்க டேபிளுக்குப் போய்ச் சொன்னேன். யக்கா, சார் கூப்புடுறாரு, நேர்மை காலத்தைத் திருத்தணுமாம்னு. எங்களுக்குக் கட்டம்னு வராது, இங்கிலீஷ்ல காலம்னுதான் வரும். அவங்க என்னைப் பாத்தாங்க. வரேன்னு சொன்னாங்க. நான் திரும்பி வந்து பாக்குறேன், பையைக் காணோம், ஆளைக் காணோம். மறுநாள் மெடிக்கல் லீவு. அந்த மாசக் கடைசியில சார் டிரான்ஸ்பர். மேல இருந்து அவசரப்படுத்தினாங்க. ஏழு திருத்தினதோட எட்டாவதையும் சேத்து அனுப்பிட்டோம்."

"வந்ததும் அவங்ககிட்ட சொல்லலியா?"

"போய்ப் பேச்செடுத்தேன். அதைப் பத்திப் பேசாத எழிலுனு கையைப் புடிச்சிக்கினாங்க. அப்புறம் நானும் மறந்துட்டேன்."

அவர் எழுந்து பணிப்பதிவேட்டைக் கொண்டுவந்தார். 2009 ஜூன் 11 முதல் 25 வரை, மருத்துவ விடுப்பு, மஞ்சள் காமாலை.

அந்தப் பதினைந்து நாளும் எனக்கு ஞாபகம் இருந்தது. பதினொன்றாம் வகுப்பில் அப்போதுதான் சேர்ந்திருந்தேன். பகலிலும் கதவு சாத்தியிருக்கும். யார் வந்தாலும் அம்மா ஊரில் இல்லை என்று சொல்லச் சொல்லியிருந்தாள். அவளுக்குக் காமாலை இல்லை. கண் வெள்ளையாகத்தான் இருந்தது. ஆனால் பதினைந்து நாளும் காமாலைக்காரி மாதிரியே சாப்பிட்டாள். எண்ணெய் இல்லை, உப்பு இல்லை. காலையில் கீழாநெல்லியை அரைத்து மோரில் கலக்கிக் குடித்தாள். "சர்டிபிகேட் பொய்யாகக் கூடாது இல்ல" என்றாள். நான் சிரித்தேன்.

எழிலரசியின் மேசையில் அதை எண்ணிப் பார்த்தேன். அவள் அன்றைக்கு அந்த அறைக்குப் போயிருந்தால் ஒரு நிமிடம். ஒரு கையெழுத்து. ஏழு பேர் சிரித்துக்கொண்டே போட்டு வந்த கையெழுத்து. நேர்மை, திருத்தணும் என்று காதில் விழுந்ததும், பென்சில் கோட்டைத்தான் பிடித்துவிட்டார்கள் என்று பயந்து அவள் வீட்டுக்கு வந்துவிட்டாள். தவறு எப்படி நடந்தது என்பதற்கு விடை கிடைத்துவிட்டது. அதை மனுவில் எழுத முடியாது.

"அவருகிட்ட ஒரு கடிதம் வாங்கிக்கினு வா. அது இருந்தா நான் ஃபைலை நகத்துறேன்" என்றார் எழிலரசி.

ஏகாம்பரநாதன் காஞ்சிபுரத்தில் மகன் வீட்டில் இருந்தார். எழுபத்திரண்டு வயது. கீழ்த்தளத்தில் வெளிச்சம் குறைந்த ஒரு முன்னறை. நான் பயந்துகொண்டு போன முகம் அங்கே இல்லை. முழங்காலில் கட்டுப் போட்ட, காது மந்தமான ஒருவர். பெயரைச் சொன்னதும், "காஞ்சனாவா? கோடு நல்லா போடுவாங்களே. எப்படி இருக்காங்க?" என்றார். சொன்னேன். தலையைக் குனிந்துகொண்டார்.

படிவத்தைக் காட்டினேன். கண்ணாடியை மாற்றிப் படித்தார்.

"எதிரா ஒண்ணும் இல்லைனுதாம்மா எழுதினேன். இங்கிலீஷ்ல நில் நில்னு எழுதிப் பழகின கை. அதைத்தான் திருத்தச் சொல்லிட்டேனே?"

"எட்டாவது திருத்தலை சார்."

அவர் முகம் மாறியது. உள்ளறைப் பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "எழுதிக் குடுத்தா என் மேல எதுனா வருமாம்மா? பென்ஷனை நிறுத்துவாங்களா? பையனுக்குத் தெரிய வேணாம்."

எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். எங்கள் வீட்டுக் கதவு சாத்தும் அதே மெதுவான சத்தம். அவருக்காக நான் கொஞ்சம் பயந்தேன்.

ஒன்றும் வராது, கைப்பிழை என்று எழுதினால் போதும் என்றேன். எழுதினார். கையெழுத்துப் போடும்முன் பேனாவை நிறுத்தி, "உங்கம்மா என்னைப் பத்தி எதுனா சொல்வாங்களா?" என்று கேட்டார்.

கிணற்றைப் பற்றிக் கேட்க அதைவிட நல்ல தருணம் எனக்குக் கிடைக்காது. எதற்காகக் கோட்டைத் தள்ளச் சொன்னீர்கள்? அது அழிக்கப்பட்டது உங்களுக்குத் தெரியுமா?

"ஒண்ணும் சொன்னதில்ல சார்" என்றேன்.

அவர் கையெழுத்துப் போட்டார்.

நவம்பரில் நேர்விசாரணை. நீள மேசை. ஒரு பெண் அதிகாரி, பக்கத்தில் எழிலரசி ஃபைலோடு. அதிகாரி வேகமாகப் படிப்பவர். இரண்டு படிவங்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். கடிதத்தைப் படித்தார். நான் ஃபைலின் தடிமனையே பார்த்துக்கொண்டிருந்தேன். உள்ளே மடித்த ஷீட் எதுவும் இருப்பதாகத் தெரியவில்லை.

"ஏழு பேரும் போய்த் திருத்திக்கிட்டாங்க. உங்க அம்மா மட்டும் ஏன் போகல?"

"மருத்துவ விடுப்பு மேடம். மஞ்சள் காமாலை. சர்டிபிகேட் பதிவேட்ல இருக்கு."

"கூப்ட்ட அன்னிக்கே காமாலையா?"

எழிலரசி ஃபைலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அன்னிக்கே வாந்தி மேடம். நான் வீட்ல இருந்தேன். பதினஞ்சு நாள் பத்தியச் சாப்பாடு. கீழாநெல்லி அரைச்சுக் குடுத்தேன்."

அரைத்தது நான் இல்லை. அம்மா. மற்றதில் எவ்வளவு பொய் என்று நீங்கள் கணக்குப் பண்ணிக்கொள்ளலாம். நேர்மைக்கான விசாரணையில் நான் சொன்ன பதில் அது. அதிகாரி என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "சரி" என்றார்.

ஒரு தடை மீதம் இருந்தது. அம்மாவை 41இல் வைத்தால் அவளுக்குப் பின்னால் வருகிறவர்கள் ஆட்சேபிக்கலாம். செந்தமிழனுக்கு நோட்டீஸ் போனது. அவர் ஆட்சேபித்தால் எல்லாம் மறுபடி திறக்கும். அளவுப் புத்தகம், ஷீட், எல்லாம். மூன்று வாரம் நான் சரியாகச் சாப்பிடவில்லை. ஒருநாள் மதியம் கேன்டீனில் இருந்தபோது தெரியாத எண். எடுத்தேன்.

"நான் செந்தமிழன் பேசறம்மா. நோட்டீஸ் வந்துச்சு. பதில் எழுதிட்டேன்."

நான் எழுந்து நின்றுவிட்டேன்.

"ஆட்சேபணை ஏதும் எனக்கு இல்லைனு முழு வாக்கியமா எழுதினேன். இல்லைனு மட்டும் எழுதினா எந்தக் கட்டத்துல போய் நிக்குமோ." சிரிக்கப் பார்த்தார். முடியவில்லை. "லட்டு குடுத்தப்போ அக்கா ஒண்ணு எடுத்துக்கிட்டாங்க. பொண்ணுக்குனு இன்னொண்ணு கேட்டாங்க. நான் பொட்டியோட குடுத்தேன். இது எனக்கு அப்பவே தெரிஞ்சிருந்தா குடுத்திருக்க மாட்டேன்மா. வாங்கியே இருக்க மாட்டேன்."

2025 மார்ச்சில் உத்தரவு வந்தது. ஃபிரிட்ஜ் மேல் ஒரு நாள். பிரித்தேன். முதல் பத்தி முழுக்கப் பார்வைக் குறிப்புகள். மூன்றாவது பத்தி இது: 2008-09ஆம் ஆண்டு மந்தண அறிக்கையின் ஒன்பதாவது கட்டத்தில் 'இல்லை' என்று உள்ளதை 'எதிராக எதுவும் இல்லை' எனத் திருத்தி வாசிக்கவும். நான்காவது பத்தியில் மறைந்த திருமதி காஞ்சனாவுக்கு வரிசை எண் 41 திரும்பத் தரப்படுகிறது. 2010ஆம் ஆண்டு பேனலிலிருந்து, திரு. செந்தமிழனுக்கு ஒரு நாள் முன்பாக, அவர் முதுநிலை வரைவாளராகக் கருதப்படுகிறார்.

மாடியில் செல்லக்கனி ஷிப்ட் முடிந்து தூங்கிக்கொண்டிருந்தாள். எழுப்பிக் காட்டினேன். கண்ணைக் கசக்கிக்கொண்டு படித்தாள். "நம்ம லாட்டு பாஸ் ஆயிட்டுல்லாக்கா" என்றாள். பிறகு அழுதாள். நான் அழவில்லை. எனக்கு வேறு ஒரு வேலை மீதம் இருந்தது.

அம்மா சொன்ன பிள்ளைப்பாக்கம் புலத்தின் படத்துக்கும் அளவுப் புத்தகப் பக்கத்துக்கும் நகல் கேட்டு விண்ணப்பித்திருந்தேன். யாரும் கேட்கலாம். உத்தரவு வந்த அடுத்த வாரம் இரண்டும் வந்தன. மேசைமேல் விரித்து, கேன்டீன் தோட்டத்துக்குக்கூடப் புல எண் சொன்னவளின் கோட்டைப் பார்த்தேன். கிணறு இருக்கிறது. உட்பிரிவுக் கோடு இருக்கிறது. அளவை ஸ்கேல் வைத்துச் சரிபார்த்தேன். அளவுப் புத்தகப்படி எங்கே இருக்க வேண்டுமோ அங்கேதான் இருக்கிறது, ஒரு மில்லிமீட்டர் பிசகாமல். தாளைத் தூக்கி டியூப் லைட்டில் பிடித்தேன்.

ஒன்றும் மினுங்கவில்லை. மினுங்காது. அது கணினியில் ஏற்றி அச்சடித்த நகல்.

அசல் ரெக்கார்டு ரூமில் இருக்கிறது. பார்வையிட மனுப் போட்டால் ஒருவர் கூட வந்து நிற்க, கையில் எடுத்துப் பார்க்கலாம். மனு எழுதிவிட்டேன். கையெழுத்தும் போட்டுவிட்டேன். பழுப்பு உறையில் போட்டு ஃபிரிட்ஜின் மேல் வைத்திருக்கிறேன்.

இன்று பதினோராவது நாள்.